ரோட்டுக்கு அந்தப் பக்கம் பூங்கொடி

போன ஞாயிற்றுக்கிழமை புதுச்சத்திரம் பக்கம் போயிருந்தேன். சரசு அக்காவைப் பார்க்க. என் பெரியம்மா மகள். கேஸ் முடிந்துவிட்டது, புது லைனில் கரண்ட்டும் விட்டுவிட்டார்கள் என்று போனில் சொல்லியிருந்தாள். ஜெயித்தவளை நேரில் பார்த்து நாலு வார்த்தை பாராட்ட வேண்டாமா?

போனால்... ஜெயித்தவள் முகமாகவே இல்லை.

என்ன கேஸ் என்று சொல்லிவிடுகிறேன். சப் ஸ்டேஷனிலிருந்து வரும் ஹெச்.டி. லைன், அதாவது உயர் மின்னழுத்தக் கம்பி, அக்காவின் தென்னந்தோப்புக்கு நடுவே போவதாக அளந்தார்கள். காய்க்கிற மரங்களை வெட்ட வேண்டும். "அரசாங்க ரோடு இருக்குதுல்லங்க, அதையொட்டிக் கொண்டு போங்க" என்று அக்கா கோர்ட்டுக்குப் போனாள். நியாயம்தானே?

ஆனால் அந்த ரோட்டின் எதிர்ப்பக்கத்தில் பூங்கொடி இருக்கிறாள். கீழே தையல் கடை, மேலே வீடு. அக்காவுக்கு உயிர்த் தோழி. ரோட்டோரம் என்றதும் அதிகாரிகள் அவள் பக்கத்தைத்தான் அளந்தார்கள். கம்பி அவள் வீட்டு மாடிக்குக் கையெட்டும் தூரத்தில் போகும். பேரப்பிள்ளைகள் விளையாடுகிற மாடி. "ரோட்டோரம் வேண்டாமுங்க" என்று அவளும் மனுப் போட்டாள். அதுவும் நியாயம்தானே?

இரண்டு நியாயங்கள் ஒரே ரோட்டில் எதிரெதிரே வந்தால் என்ன ஆகும்? பேச்சு நின்றுபோனது.

வாய்தாவுக்கு நாமக்கல் போக இருவருக்கும் ஒரே பஸ்தான். ஒருமுறை துணைக்கு நானும் போனேன். அக்கா முன் சீட்டில், பூங்கொடி கடைசி சீட்டில். அக்கா ஜன்னல் பக்கம் திரும்பவே இல்லை. டிரைவருக்கு மேலே இருந்த கண்ணாடியையே பார்த்துக்கொண்டு வந்தாள்.

"எளைச்சுட்டா, பாரு சாமி" என்றாள் மெதுவாக.

எதிர்க்கட்சி வக்கீல் கேட்டிருந்தால் கேஸே ஆட்டம் கண்டிருக்கும்!

கடைசியில் மறுபடி அளந்தார்கள். ரோட்டோரமாகவே போகலாம் — ஆனால் அக்காவின் பக்கம், வேலிக்கு வெளியே இருக்கும் புறம்போக்கில். வேலியோரத்து மரங்கள் சில மட்டும் போகும் என்றார்கள். "போகட்டுமுங்க" என்று அக்கா உடனே ஒப்புக்கொண்டாள். தோப்பு தப்பியது, மாடியும் தப்பியது. இதை முதலிலேயே செய்திருக்கக் கூடாதா என்று கேட்காதீர்கள்... நானும் கேட்டுப் பார்த்துவிட்டேன்.

"அப்புறமென்னக்கா, நிம்மதியா இரு" என்றேன்.

"கேசு நடந்தப்பவாச்சும் பஸ்ஸுல அவளப் பாப்பேன் சாமி. இப்ப அதுவும் இல்ல."

"அவ ஊடு எதுக்கத்தானே இருக்குது? போயிட்டு வர வேண்டியதுதானே?"

"போயி... என்னன்னு பேசறது?"

சாயங்காலம் நான் கிளம்பும்போது வாசல் கேட் வரை வந்தாள். அதே நேரம் எதிரே பூங்கொடி கடையை விட்டு வெளியே வந்தாள். இருவரும் நின்றார்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. அண்ணாந்து கம்பியைப் பார்த்தார்கள். அதில் அப்படி என்னதான் இருக்கிறதோ!

அக்கா என்னிடம் சொல்வதுபோல, ரோட்டுக்கு அந்தப் பக்கம் கேட்கும்படி சொன்னாள்: "பரவால்ல... கம்பி அவ ஊட்டுக்குத் தள்ளித்தான் போகுது."

ஒரு லாரி கடந்து போனது. சத்தம் அடங்கியதும் பதில் வந்தது.

"ஆமாங்க. தள்ளித்தான் போகுதுங்க."

சொல்லிவிட்டு பூங்கொடி உள்ளே போய்விட்டாள். பேசிவிட்டாளே என்று சந்தோஷமாக அக்காவைத் திரும்பிப் பார்த்தேன். கண் நிறைந்திருந்தது.

"கேட்டியா சாமி? கல்யாணமாகி வந்த நாள்லருந்து வாடி போடின்னு பேசுனவ... என்னைய 'ங்க' போட்டுப் பேசறா."

எங்கள் கொங்குத் தமிழுக்கு அழகே அந்த 'ங்க'தான் என்று இந்தப் பத்திரிகைப் பக்கத்தில் எத்தனை முறை பெருமையடித்திருப்பேன்! அன்றுதான் முதல்முறையாக அது எனக்குக் கசந்தது.

மரியாதையைக் குறைக்கச் சொல்லி எந்தக் கோர்ட்டில் மனுப் போடுவது?