ரிவர்ஸ் அக்காவின் இருபத்து மூன்று பொய்கள்

"இடது பக்கம் ஒரு பள்ளம் வருது, பாத்து வாங்க" என்று எச்சரித்தபடியே அந்தப் பள்ளத்தைத் தான் மட்டும் பார்க்காமல் தாண்டுகிறார். சனிக்கிழமை காலை பத்து மணி. பதினான்கு பேர் அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டு முன்னோக்கி நடக்க, அவர் அந்தப் பதினான்கு முகங்களையும் பார்த்துக்கொண்டு பின்னோக்கி நடக்கிறார். பழைய நகரத்தின் கல் பாவிய சந்துகளில், ஒரு சைக்கிள் போனால் இன்னொன்று ஒதுங்கி நிற்க வேண்டிய அகலத்தில், இப்படியே இரண்டு மணி நேரம். எந்தக் கல் ஆடும், எந்தப் படி உடைந்திருக்கிறது என்பதெல்லாம் அவர் குதிகாலுக்குத் தெரியும். "திரும்பிக்கிட்டு நடந்தா என் முதுகுதானே உங்களோட பேசணும்? அதுக்கு அவ்வளவு பேச வராது" என்பார்.

தெருவில் அவருக்கு ரிவர்ஸ் அக்கா என்று பெயர். வயது ஐம்பத்தாறு. அவரைவிட மூத்தவர்களும் அக்கா என்றே கூப்பிடுகிறார்கள், அவரும் ஆட்சேபிப்பதில்லை. அவருடைய செருப்பு எப்போதும் நுனியில்தான் தேய்கிறது. "நீங்க வர்றீங்களா போறீங்களான்னே தெரியலையேம்மா" என்று செருப்பு தைப்பவர் குழம்பியிருக்கிறார். வீட்டுக்காரர் நகரப் பேருந்து ஓட்டுநர். "முப்பது வருஷமா வண்டி ஓட்டறேன். கண்ணாடி பாக்காம ரிவர்ஸ் எடுக்கற ஆளை என் வீட்டுலதான் பாத்தேன்" என்று பெருமையாகவே சொல்லிக்கொள்கிறார்.

ஊர் பார்க்க வருகிறவர்களை நடத்திக் கூட்டிக்கொண்டு போய், வழியில் ஐந்து கடைகளில் சாப்பிடவும் வைத்து, வயிறும் மனசுமாக அனுப்பிவைப்பது அவர் தொழில். அதற்கு முன் இருபத்திரண்டு வருடம் தொலைபேசி நிலையத்தில் வேலை. "அடுத்தவங்க பேசறதுக்கு லைன் போட்டுக் குடுத்தே பாதி ஆயுசு போயிடுச்சு. இப்பதான் எனக்கு லைன் கிடைச்சிருக்கு, விடுவேனா?" விடுவதில்லை. பதினோரு வருடமாகப் பேசிக்கொண்டிருக்கிறார்.

சாப்பிட வைப்பதில் அவருக்குச் சில கறாரான விதிகள் உண்டு. ரொட்டியைப் பிய்த்துக் கையில் கொடுத்தால் முதல் வாய்க்கு அரை நிமிடம் யாரும் பேசக் கூடாது. புகைப்படம் எடுக்கிறவர்களைக் கண்டால் ஆகாது. "சூடு ஆறுது சார், போட்டோவுக்கா பசிக்குது?" என்று நேராகவே கேட்டுவிடுவார். நடையின்போது அவர் ஒரு பருக்கைகூடச் சாப்பிடுவதில்லை. ஆனால் மற்றவர்கள் மெல்லும்போது அவர் தாடையும் கூடவே அசைகிறது. அவர்கள் விழுங்கினால் இவரும் விழுங்குகிறார். மீன் வறுக்கும் கடையில் ஒருவர் முள்ளை விழுங்கிவிட்டு இருமியபோது அக்காவுக்குக் கண்ணில் தண்ணீர் வந்ததை நானே பார்த்திருக்கிறேன்.

இவ்வளவு நல்லவரிடம் ஒரு குறை இல்லாமல் இருக்குமா? அக்கா கதை அளப்பார். சாதாரணமாக அல்ல, கண் காது மூக்கு வைத்து, உடுப்பும் மாட்டி அனுப்புவார். கோட்டைச் சுவரின் உயரம், மணிக்கூண்டு கட்டிய வருடம் இவற்றிலெல்லாம் கை வைக்க மாட்டார்; அவை அச்சில் இருக்கின்றன. மனிதர்கள் பக்கம் வந்தால்தான் தாராளம். ரொட்டிக்கடை அண்ணி பாடினால்தான் மாவு பொங்கும் என்றார். சூப் கடையின் அடுப்பு திறந்த நாள் முதல் அணைந்ததே இல்லை என்றார்.

மூன்றாவதாக மாட்டியவன் நான். மூலை வீட்டு மாடியில் குடியிருக்கிறேன். பத்திரிகைகளுக்கு எழுதுகிறேன். உட்கார்ந்து எழுதுவேன், முடிந்தால் படுத்துக்கொண்டு எழுதுவேன். ஒருநாள் ஜன்னலுக்குக் கீழே அவர் குரல்: "மேல பாருங்க. அங்க ஒரு எழுத்தாளர் இருக்காரு. நின்னுக்கிட்டேதான் எழுதுவாரு. உக்காந்தா எழுத்துக்குத் தூக்கம் வந்துடுமாம்." பதினான்கு தலைகள் நிமிர்ந்தன. கட்டிலில் கிடந்தவன் பதறி எழுந்து நின்றேன். கையில் பேனாகூட இல்லை, பல் துலக்கும் பிரஷ் இருந்தது. அன்றிலிருந்து சனிக்கிழமை பதினோரு மணி அடித்தால் நான் ஜன்னலோரம் நிற்கிறேன். நின்றதற்கு நாலு வரி எழுதியும் விடுகிறேன். அவை படுத்து எழுதியவற்றைவிட நன்றாக இருப்பதை அக்காவிடம் இன்னும் சொல்லவில்லை.

இந்த வருடம் நகராட்சி ஒரு விதி கொண்டுவந்தது. வழிகாட்டிகள் உரிமத்தைப் புதுப்பிக்க வேண்டுமானால் ஓர் அதிகாரி கூடவே நடந்து பார்ப்பார். சொல்வதற்கெல்லாம் ஆதாரம் வேண்டும். இல்லையென்றால் கூட்டத்தோடு சந்துக்குள் கால் வைக்க முடியாது. கடிதத்தோடு ஒரு பட்டியலும் வந்தது. அலுவலகத்திலிருந்து யாரோ சுற்றிப் பார்க்க வந்தவர்போல் ஒருமுறை நடந்து, எல்லாவற்றையும் குறித்துக்கொண்டு போயிருக்கிறார்கள். ஆதாரம் தேவைப்படும் கூற்றுகள்: இருபத்து மூன்று.

அந்தத் தாளை எடுத்துக்கொண்டு மாடியேறி வந்தார். "இதுல நாலு எனக்கே புதுசா இருக்கு. நல்லாவும் இருக்கு" என்று சிரித்தவர், சட்டென்று முகம் வாடி நாற்காலியில் உட்கார்ந்தார். "இது போச்சுன்னா நான் வீட்டுல ஃபிரிட்ஜுக்குத்தான் கதை சொல்லணும். அவரு வேலைக்குப் போயிடுவாரு. பொண்ணு கல்யாணமாகிப் போயாச்சு. காலையில எழுந்திரிச்சு யாருக்காகக் குளிக்கறது, சொல்லுங்க?" தாளை நாலாக மடித்தார். "அன்னிக்கு நீங்களும் கூட வாங்க. உண்மையை மட்டும் பேசப் போறேன். பக்கத்துல தெரிஞ்ச முகம் ஒண்ணு இருந்தா தைரியமா இருக்கும்" என்றார்.

அதிகாரி என்று வந்தது நாற்பது வயதுப் பெண். சிரிக்காத முகம், கையில் அட்டை, அட்டையில் அந்தப் பட்டியல். அக்கா சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். "இது தெரு" என்று ஆரம்பித்தார். கொஞ்ச தூரம் போனதும், "இது ரொட்டிக்கடை. இங்க ரொட்டி கிடைக்கும்" என்றார். எல்லோரும் மேற்கொண்டு ஏதோ வரும் என்று காத்திருந்தார்கள். ஒன்றும் வரவில்லை. பதினோரு வருடத்தில் முதல் தடவையாக அக்காவின் கால் ஒரு கல்லில் தடுக்கியது.

கடைக்குள் இருந்த அண்ணிக்குப் பொறுக்கவில்லை. மாவுக் கையோடு வாசலுக்கே வந்துவிட்டார். "என்னக்கா, என் பாட்டு விஷயத்தை விட்டுட்டீங்க?"

"வேண்டாம் அண்ணி, உள்ள போங்க" என்று அக்கா கண்ணைக் காட்டினார்.

அதிகாரி பட்டியலைப் பார்த்தார். "பாடினாத்தான் மாவு பொங்குமா?"

"பாடாட்டியும் பொங்கும் மேடம். அக்கா ஊரெல்லாம் சொல்லிட்டாங்களேன்னு ஒருநாள் பாடிப் பாத்தேன். அதுக்கப்புறம் பாடாம பிசைய கை வரமாட்டேங்குது. அதுக்கு முன்னாடி இந்தக் கடையில நான் வாயே திறந்ததில்ல. வேணும்னா என் வீட்டுக்காரரைக் கேளுங்க, அவருக்கு அந்தக் காலம்தான் பிடிக்கும்." கேட்காமலே ஒரு பாட்டையும் எடுத்துவிட்டார். சுருதி எங்கோ, அண்ணி எங்கோ. ஆனாலும் கூட்டம் கை தட்டியது. அதிகாரி எழுதிக்கொண்டார்.

அடுத்தது சூப் கடை. சூப்காரர் விஷயம் தெரிந்து தயாராகவே நின்றார்.

"அடுப்பு அணைஞ்சதே இல்லையா?"

"ஒம்பது வருஷமா இல்லைங்க."

"கடை ஆரம்பிச்சு இருபது வருஷம் ஆச்சே?"

"முதல் பதினோரு வருஷம் தினமும் அணைச்சிட்டுத்தாங்க வீட்டுக்குப் போனேன். அக்கா ஒருநாள் இப்படிச் சொல்லிட்டுப் போயிட்டாங்க. மறுநாள் காலையில அஞ்சு மணிக்கு ரெண்டு பேரு கதவைத் தட்டி அடுப்பைப் பாக்கணும்னு நிக்கறாங்க. அதுக்கப்புறம் எப்படிங்க அணைக்கறது? நானும் மச்சானும் முறை போட்டுப் பாத்துக்கறோம்." கொஞ்சம் குரலைத் தாழ்த்திக்கொண்டு, "அதுக்கு முன்னாடி ரெண்டு பேரும் சண்டை போட்டுப் பேசாம இருந்தோம் மேடம். முறை மாத்தும்போது பேசித்தானே ஆகணும்?" என்றார்.

அதிகாரி எழுதுவதை நிறுத்திவிட்டு ஒரு கரண்டி சூப் குடித்தார். பிறகு இன்னொரு கரண்டி. அக்காவின் தொண்டை இரண்டு தடவையும் அசைந்தது.

மூலை வீட்டுக்குக் கீழே வந்தோம். "இங்க ஒரு எழுத்தாளர் நின்னுக்கிட்டு எழுதறதா இருக்கே. யாரு அது?" என்றார் அதிகாரி. நான் கையைத் தூக்கினேன்.

"நின்னுதான் எழுதுவீங்களா?"

பொய் சொல்ல நல்ல சந்தர்ப்பம். ஆனால் தெருவே உண்மை பேசிக்கொண்டிருக்கும்போது நான் மட்டும் எப்படி? "சனிக்கிழமை பதினோரு மணிக்கு மட்டும்" என்றேன். எல்லோரும் சிரித்தார்கள். அதிகாரியும் சிரித்தார், சிரித்ததை மறைக்க அட்டையைத் தூக்கிக்கொண்டார்.

இருபத்து மூன்றும் முடிந்த பிறகு அதிகாரி மணிக்கூண்டுப் படியில் உட்கார்ந்து அந்தத் தாளையே பார்த்துக்கொண்டிருந்தார். "எங்க படிவத்துல ரெண்டு கட்டம்தான் இருக்கு. உண்மை, பொய். சொன்னப்ப பொய், இப்ப உண்மைன்னா நான் எந்தக் கட்டத்துல டிக் அடிக்கறது?"

அக்கா எதிரே நின்றார். கை இரண்டையும் கட்டிக்கொண்டு, பரீட்சை முடிவுக்கு நிற்கிற பிள்ளை மாதிரி. "பொய்லயே அடிங்க மேடம். சொன்னப்ப பொய்தான். நான் சொன்னதுக்கு நான்தானே பொறுப்பு" என்றார்.

அதிகாரி யோசித்தார். "கட்டடத்தைப் பத்தி நீங்க ஒரு தப்பும் சொல்லலை. அதனால உரிமம் தர்றேன். ஒரே ஒரு நிபந்தனை. எது நிஜம், எது கதைன்னு கேக்கறவங்களுக்குத் தெரியணும். எப்படித் தெரியப்படுத்துவீங்கங்கறது உங்க சாமர்த்தியம்." அக்கா அவர் கையைப் பிடித்துக்கொண்டு குலுக்கோ குலுக்கென்று குலுக்கினார். அட்டை கீழே விழுந்து தாள்கள் படியெல்லாம் பறந்தன. பதினான்கு பேரும் ஓடி ஓடிப் பொறுக்கிக் கொடுத்தார்கள்.

சாமர்த்தியத்துக்கா பஞ்சம்? அடுத்த சனிக்கிழமையே வழி கண்டுபிடித்துவிட்டார். உரிமத்தோடு கழுத்தில் மாட்டிக்கொள்ள ஓர் அடையாள அட்டை கொடுத்திருந்தார்கள். "இது கழுத்துல இருந்தா நான் சொல்றதுக்கு நகராட்சி சாட்சி. இதைக் கழட்டிட்டா நான்தான் சாட்சி" என்று தொடக்கத்திலேயே அறிவித்துவிடுகிறார். மணிக்கூண்டுக்கு அட்டை இருக்கும். ரொட்டிக்கடை நெருங்கும்போது கை கழுத்துக்குப் போகும், அட்டை பைக்குள் இறங்கும். இப்போதெல்லாம் கூட்டம் அந்தக் கைக்காகவே காத்திருக்கிறது. கழற்ற ஆரம்பித்தாலே ஒரு குதூகலம். இரண்டு மணி நேரத்தில் பத்துப் பன்னிரண்டு தடவை கழற்றி மாட்டுகிறார். பட்டியல் முப்பதைத் தாண்டிவிட்டதாகக் கேள்வி.

போன வாரம் நானும் கடைசிவரை கூட நடந்தேன். நடை முடிகிற படிக்கட்டில், மகளோடு வந்திருந்த ஒரு மருத்துவர் அம்மா கேட்டார்: "பதினோரு வருஷமா இதே தெருவுலயே நடக்கறீங்களே, சலிக்கலையா உங்களுக்கு?"

அக்கா சந்துப் பக்கம் ஒரு தரம் பார்த்தார். அண்ணி பாடுவது கேட்டது. "இந்தத் தெரு ஆளுங்க மாதிரி மனுஷங்க உலகத்துலயே எங்கயும் கிடையாதுங்க" என்றார்.

எல்லோரும் சிரித்துக்கொண்டே அவர் கையைப் பார்த்தார்கள். கை கழுத்துக்குப் போனது. அட்டையைப் பிடித்தது. புரண்டு கிடந்ததை நிமிர்த்தி, முகப்பு வெளியே தெரியும்படி வைத்து, நெஞ்சோடு அழுத்திக்கொண்டது.