செல்லக்கண்ணு எடுத்துவிட்ட அத்தியாயம்

செவ்வாய்க்கிழமை காலை போன் வந்தது. "அப்பா போயிட்டாங்க சார். மத்தியானமே எடுக்குறோம்" என்றார் இளங்கோ. நாவலாசிரியர் செல்லக்கண்ணுவின் மகன். செல்லக்கண்ணு எழுதிய நான்கு நாவல்களுக்கும் பிழை திருத்தியவன் நான். வேறு யாருக்காவது சொல்லலாம் என்று போனைத் தடவினேன். சொல்ல ஆள் கிடைக்கவில்லை. கும்பகோணத்தில் தனியாகப் பஸ் ஏறினேன்.

செல்லக்கண்ணு தபால்காரராக இருந்தவர். கோயிலுக்குப் போக மாட்டார். பார்க்காததை எழுதவும் மாட்டார். மதகு ஒன்றைப் பற்றி இரண்டு வரி எழுத லீவு போட்டுவிட்டு அங்கே போய் உட்கார்ந்திருப்பார். கேலி செய்தால், "பார்க்காம எழுதினா கை கூசுதுங்க" என்பார்.

மூன்றாவது நாவலில் ஓர் அத்தியாயம். தெற்குத் தெருவிலிருந்து சுடுகாட்டுக்குப் பாதை கிடையாது. ஒரு மகன் தகப்பனின் பாடையைச் சுமந்துகொண்டு நட்ட வயலுக்குள் இறங்குகிறான். என் குடும்பம் நிலம் வைத்திருக்கும் குடும்பம். படித்ததும் சுருக்கென்று தைத்தது.

"இப்பல்லாம் நம்ம பக்கம் எங்க இப்படி நடக்குது? மிகையா இருக்கு. எடுத்துடுங்க" என்றேன், பெரிய மேதாவி மாதிரி.

"உங்களுக்கே நம்பிக்கை வரலைன்னா, எடுத்துடலாங்க" என்றார் செல்லக்கண்ணு. எடுத்துவிட்டார். அடுத்து ஒரு நாவல்தான் எழுதினார். அதில் ஒரு சாவுகூட வரவில்லை. அதைச் சிக்கனம் என்று நான் பாராட்டினேன்.

செவ்வாயன்று செல்லக்கண்ணுவின் தெருவில் இருபது பேர்கூட இல்லை. எழுத்து சம்பந்தமாக வந்தவன் நான் ஒருவன்தான். கடைசி வீட்டோடு சிமெண்ட் ரோடு முடிந்துவிட்டது. அதற்கப்பால் சம்பா வயல், கதிர் வாங்கும் பருவம். கொள்ளிச்சட்டியோடு இளங்கோ இறங்க, பாடையும் பின்னால் இறங்கியது. செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நானும் இறங்கினேன். முழங்கால் வரை சேறு.

இளங்கோ திரும்பிப் பார்த்தார். "பயிரை மிதிச்சுடாம வாங்க சார். வயக்காரங்க சத்தம் போடுவாங்க."

எனக்கு வெட்கமாக இருந்தது. இத்தனை வருடங்களில், செல்லக்கண்ணுவின் தகப்பனார் சுடுகாட்டுக்கு எந்த வழியாகப் போனார் என்று நான் ஒரு தடவைகூடக் கேட்டதில்லை.

நெருப்பு வைத்துவிட்டு எல்லோரும் அதே சேற்றில் திரும்பினார்கள். அந்த அத்தியாயம் வீட்டில் இருக்கிறதா என்று இளங்கோவிடம் கேட்டேன்.

"அப்பா அதை அன்னைக்கே கிழிச்சுட்டாங்க சார். நீங்க கேட்டா திரும்ப எழுதணும்னு சொல்லிக்கிட்டிருந்தாங்க."

நான் கேட்கவில்லை. போய் வாருங்கள், ஐயா.