தண்ணீர் வந்ததும் வந்த ஆத்திரம்

மேடையில் யாராவது என்னை "மக்கள் பக்கம் நின்று படமெடுத்தவர்" என்று அறிமுகம் செய்தால் இன்றைக்கும் எனக்கு எழுந்து போய்விடலாம் போலிருக்கும். போனதில்லை. போட்ட மாலையோடு உட்கார்ந்துதான் இருந்திருக்கிறேன்.

எண்பதுகளின் தொடக்கம். கல்முனையிலிருந்து இரவல் கமராவோடும் ஆறே ஆறு பிலிம் சுருளோடும் சம்மாந்துறைக்கு அப்பாலுள்ள வயல்களுக்குப் போனேன். கோடையில் செய்யும் சிறுபோகம். மேலே பெரிய நிலச்சொந்தக்காரரான போடிமாரின் வயல்களில் தண்ணீர் நிறைந்து நிற்க, வாய்க்காலின் கடைசியில் இருந்த குத்தகைக்காரரின் வயல்கள் வெடித்துக் கிடந்தன. தண்ணீர் பங்கிடும் வட்டவிதானை போடிமாரின் ஆள். இந்த அநியாயத்தை நாடே பார்க்க வேண்டும் என்பது என் திட்டம்.

அங்கே, காக்கா என்று நான் கூப்பிடும் ஒரு முஸ்லிம் பெரியவருக்கு இரண்டு ஏக்கர் குத்தகை வயல். பயிர் குடலைப் பருவத்தில் நின்றது. இன்னும் பத்து நாள் தண்ணீர் கிடைத்தால் கதிர் தள்ளும். இல்லாவிட்டால் வைக்கோல்கூட மிஞ்சாது. அவருடைய வரம்பில்தான் கமராவை நட்டேன்.

சுருளைப் போட்டுக் கோணம் பார்த்துக்கொண்டிருக்கும்போதே வாய்க்காலில் தண்ணீர் வந்தது. படம் பிடிக்கிறார்கள் என்று யாரோ போய்ச் சொல்ல, வட்டவிதானை பயந்துபோய் மதகின் இரும்புக் கதவைத் தூக்கிவிட்டார். காக்கா வாய்க்காலில் இறங்கி முகத்தைக் கழுவிக்கொண்டு சிரித்தார். எனக்கோ ஆத்திரம் வந்தது. தண்ணீர் மேல்தான். வெடிப்பெல்லாம் நனைந்து என் படம் கெட்டுப்போகிறதே என்றுதான் நினைத்தேன்.

நான் கமராவை மூடிக்கொண்டு போன கையோடு கதவும் இறங்கிவிட்டது. மறுநாள் போனேன், மறுபடி தண்ணீர். மூன்றாம் நாளும் அதே கதை. அப்போதுதான் காக்கா கேட்டார்.

"தம்பி, நீங்க படம் புடிக்கவும் வேணாம். இந்தச் சாமான வெச்சிட்டுச் சும்மா நில்லுங்க. பத்து நாள் நிண்டாப் போதும்."

"பிலிம் இல்லாமலா, காக்கா?"

"உள்ளுக்கு பிலிம் கிடக்கா இல்லையாண்டு அவனுக்கு என்ன தெரியும்? சாப்பாடு எங்கட ஊட்டுல. அல்லாவுக்காக நில்லுங்க தம்பி."

ஓம் என்றேன். ஒரு நாள் நின்றேன். வெயிலில் வெறும் கமராவோடு நிற்பது எனக்கு மானக்கேடாக இருந்தது. நானென்ன கலைஞனா, வயலில் நட்ட வெருளிப் பொம்மையா? அடுத்த நாள் கொழும்பில் ஒரு கூட்டம். விவசாயிகளின் உரிமை பற்றித்தான், நானும் பேச்சாளர். இரண்டு நாளில் வந்துவிடுவேன் என்று காக்காவிடம் சொல்லிவிட்டு பஸ் ஏறினேன். திரும்பி வந்தது மூன்று கிழமை கழித்து.

பயிர் தண்ணீரில்லாமல் எரிந்து கிடந்தது. இனிச் சொல்வதை நினைத்தால் என்மேலேயே எனக்கு அருவருப்பு. பார்த்த உடனே கை துறுதுறுத்தது. வெளிச்சம் வேறு நன்றாக இருந்தது. ஆறு சுருளையும் அங்கேயே முடித்தேன்.

காக்கா வயல் நடுவே நின்றார். கமராவை அவர் பக்கம் திருப்பி, "காக்கா, இஞ்சால பாருங்க" என்றேன். அவர் மறுபக்கம் திரும்பி நின்றுகொண்டார். நான் அதையும் பிடித்தேன்.

படம் பேர் வாங்கியது. பார்த்தவர்கள் எல்லோரும் புகழ்வது அந்தக் கடைசிக் காட்சியைத்தான். நாட்டுக்கே முதுகைக் காட்டி நிற்கும் உழவன், என்ன துணிச்சலான கற்பனை என்கிறார்கள். அவர் முதுகைக் காட்டியது எனக்கு என்று இதுவரை நான் ஒருவரிடமும் சொன்னதில்லை.