பிரிட்ஜுக்குள் ஒரு காசித்தும்பை

எங்கள் வீட்டுப் பிரிட்ஜில் கொஞ்ச நாள் ஒரு பூச்செடி இருந்தது. தயிருக்கும் இட்லி மாவுக்கும் நடுவில், பிஸ்கட் டப்பாவில். வைத்தது நான்தான், அப்போது ஆறாம் வகுப்பு.

மலையிலிருந்து வந்த காட்டுக் காசித்தும்பை அது. ஒரு சாண்கூட உயராது. மரங்கள் வெயிலை மறைக்கும் ஓடைக்கரையில், ஈரப் பாசிக்குள் வேர்விட்டுக் கிடக்கும். தண்டு கண்ணாடி மாதிரி, பூ வெளிர் ரோஸ். முற்றிய காயைத் தொட்டால் போதும், வெடித்து விதை தெறிக்கும். மாமாவுக்குத் தேயிலைத் தோட்டத்தில் வேலை முடிந்துவிட்டது. வேலை முடிந்தால் தோட்டம் கொடுத்த லைன் வீட்டையும் காலி செய்ய வேண்டும். பேட்டையில் எங்கள் வீட்டு வாசலில் அவரும் அத்தையும் வந்து இறங்கியபோது, அத்தையின் கையில் அந்த டப்பா இருந்தது.

சித்திரை மாதம். மொட்டைமாடியின் சூடு கீழே இறங்கிக் கொதிக்கும். அத்தையோ கல்யாணம் ஆனதிலிருந்து கம்பளிக்குள்ளேயே தூங்கியவள். ஈரத் துண்டைக் கழுத்தில் போட்டுக்கொண்டு ஃபேனுக்கு அடியிலேயே உட்கார்ந்திருப்பாள். ஒருநாள் செடிக்குத் தண்ணீர் தெளித்துக்கொண்டே சொன்னாள்: "இது இங்கன பிழைச்சிட்டுன்னா நானும் பிழைச்சிருவேன்ட்டி."

நான் அதை அப்படியே பிடித்துக்கொண்டேன். செடி செத்தால் அத்தை போய்விடுவாள். வலிக்காமல் சடை பின்னத் தெரிந்தவள் எங்கள் வீட்டில் அவள் ஒருத்திதான். மறுநாளே இலை தொங்கியது. செடிக்குக் குளிர் வேண்டும், குளிர் பிரிட்ஜில் இருக்கிறது. அவ்வளவுதான் என் விஞ்ஞானம்.

"ஏட்டி, நாளைக்கு வேப்பமரத்தையும் உள்ள வைப்பியா?" என்றார் அப்பா.

மாமா சிரிக்கவில்லை. "இருந்துட்டுப் போட்டும் மாப்ள."

செடி நிமிர்ந்தது. மத்தியானம் ஆனால் அத்தை வந்து கதவைத் திறப்பாள். டப்பாவுக்குப் பக்கத்தில் முகத்தை நீட்டிக் கண்ணை மூடிக்கொண்டு, "இந்நேரத்துக்கு அங்கன மஞ்சு இறங்கிரும்" என்பாள், மலையின் மூடுபனியை. ஒருமுறை அவள் மூக்கு பட்டே ஒரு காய் வெடித்து, மாவுச் சட்டி மூடியெல்லாம் விதை. எங்கள் வீட்டில் அத்தை சிரித்து அன்றைக்குத்தான் பார்த்தேன்.

குளிர் மட்டும் போதாது, வெளிச்சமும் வேண்டும் என்பது இன்று தாவரவியல் படிக்கிற எனக்குத் தெரியும். அன்று தெரியாது. இலை மஞ்சளாகி, தண்டு அழுகிப்போனது. அத்தை எப்போது பெட்டி கட்டுவாளோ என்று அவள் பின்னாலேயே திரிந்தேன். அவள் கட்டவில்லை. மறுநாள் மத்தியானமும் வந்து பிரிட்ஜைத் திறந்து, டப்பா இருந்த இடத்துக்கு நேரே முகத்தை நீட்டிக் கண்ணை மூடி நின்றாள்.

"செடிதான் இல்லையே அத்தை. மூடுங்க, குளிரெல்லாம் போயிரும்."

"இந்தா மூடுதேன்" என்றாள். மூடவில்லை.

செடி செத்துப்போனதை மறந்துவிட்டாள் போல என்று நினைத்துக்கொண்டு, நான் விளையாடப் போய்விட்டேன்.