பூஜையில் வைத்த நாவல்

அம்மா பிசைந்து தரும் தயிர்சாதத்தில் அந்த வருஷம் முழுக்க டைப்ரைட்டர் ரிப்பன் மை வாசனை அடித்தது. எத்தனை தடவை சோப்புப் போட்டாலும் அவள் விரல் நுனியை விட்டு அது போகவில்லை. பத்து வயது எனக்கு, மூக்கைச் சுளித்துக்கொண்டு "யக்" என்பேன், அவள் "பேசாமத் தின்னு கண்ணு, அது நாவல் வாசனை" என்பாள். தொண்ணூறுகளின் நடுப்பகுதி. நியூயார்க்குக்கு ரயில் தூரத்தில் எடிசன் என்ற ஊரில், ஒரே கூரைக்கு இரண்டு வாசல் வைத்த பழைய வீடு. ஒரு பாதியில் நாங்கள் மூன்று பேர், மறுபாதியில் நோரா ஆன்ட்டி தனியாக.

நோரா ஆன்ட்டி அயர்லாந்துக்காரர், நாவலாசிரியர். மேற்குக் கடற்கரையில் எப்போது பார்த்தாலும் மழை பெய்யும் ஒரு சிற்றூரில் பிறந்தவர். முதல் நாவல் வெளிவந்த வாரம் ஊர்ப் பாதிரியார் ஞாயிற்றுக்கிழமைப் பிரசங்கத்திலேயே அதைத் திட்டித் தீர்த்தாராம். பெற்ற தாயே அந்தப் புத்தகத்தை நிலக்கரிக் கூடைக்கு அடியில் ஒளித்து வைத்தாராம். இரண்டாவது நாவலுக்கு அப்புறம் அண்ணன் பேச்சையே நிறுத்திவிட்டார். இங்கே ஒரு கல்லூரியில் எழுதச் சொல்லித்தரும் தற்காலிக வேலை கிடைத்ததும், விட்டால் போதும் என்று விமானம் ஏறி வந்தவர். மூன்றாவது நாவலை நியூயார்க் பதிப்பகம் ஒன்று எடுத்துக்கொண்டால் அந்த வேலை நீடிக்கும், விசாவும் நீளும். இல்லையென்றால் வருஷக் கடைசியில் மூட்டை கட்டிக்கொண்டு, பேசாத அண்ணன் வீட்டில் போய் ஓர் அறையில் கிடக்க வேண்டியதுதான். இதையெல்லாம் எங்கள் சமையலறையில் உட்கார்ந்து அவர் சொல்ல, இங்கிலீஷ் படிக்க வந்தாலும் அவர் பேச்சு பிடிபடாத அம்மாவுக்கு நான்தான் அரைகுறைத் தமிழில் மொழிபெயர்ப்பேன்.

அம்மா ஈரோட்டில் ஒரு வக்கீல் ஆபீஸில் டைப்பிஸ்டாக இருந்தவள். இங்கே விசாவில் அவளுக்கு "டிப்பெண்டென்ட்" என்று பெயர்; வேலை பார்க்கக் கூடாது. பகலெல்லாம் சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவளிடம் ஒருநாள் நோரா ஆன்ட்டி தன் கையெழுத்துப் பக்கங்களைக் காட்டி, கல்லூரியில் யாராலும் இதைப் படிக்க முடியவில்லை என்று புலம்பினார். சுத்தக் கோழிக்கிறுக்கல். அம்மா அதை வாங்கிப் பார்த்துவிட்டு, "எங்க வக்கீல் கையெழுத்துக்கு இது எவ்வளவோ தேவலாம்" என்று அன்றைக்கே அவருடைய டைப்ரைட்டர் முன்னால் உட்கார்ந்துவிட்டாள். அப்பாவுக்கு உதறல். "யாராச்சும் கேட்டா வேலைன்னு சொல்லிப்போடாதே அம்மிணி. உதவின்னு சொல்லு. கிரீன் கார்டுல கை வெச்சுருவான்" என்று தினமும் ரயிலுக்குக் கிளம்பும்போது சொல்லிவிட்டுத்தான் போவார்.

உதவியோ வேலையோ, அம்மா உயிர்த்தாள். கேஸட் வாடகைக்கு எடுத்துப் படம் பார்ப்பதை விட்டாள். ராத்திரிச் சாப்பாட்டுக்கு நாவல்தான் தொட்டுக்கொள்ள. அண்ணனும் தங்கையும் ஒரு துண்டு நிலத்துக்கு அடித்துக்கொள்கிற கதை அது. "நம்மூரு வரப்புச் சண்டையாட்டவே இருக்குதுங்க. அந்தப் புள்ள இன்னிக்காச்சும் வீட்டை விட்டுப் போவாள்னு பாத்தேன், போகமாட்டேங்கறா, கிறுக்கு!" என்று ஏதோ எதிர்வீட்டுப் பெண்ணைத் திட்டுவதுபோலத் திட்டுவாள்.

நாவலை அடித்து முடித்ததும் சரஸ்வதி பூஜை வந்தது. நோரா ஆன்ட்டி மறுநாள் மத்தியானம் மன்ஹாட்டனுக்குப் போய்ப் பதிப்பகத்து அம்மையாரிடம் நாவல் கட்டைக் கொடுப்பதாக ஏற்பாடு. ஒரு நாள் சாமியிடம் இருக்கட்டுமே என்று அம்மா கேட்டாள், அவரும் சந்தோஷமாகத் தலையாட்டினார். அசல் பிரதி, கார்பன் பிரதி, டைப்ரைட்டர், என் கணக்குப் புத்தகம் எல்லாவற்றுக்கும் சந்தனம், குங்குமம், சாமந்திப்பூ. நம்மூர்க் கடைகள் இருக்கும் ஓக் ட்ரீ ரோட்டில் தேடிப்பிடித்த பொரி கடலை. அப்பாவின் பழைய காருக்குக்கூடப் பொட்டு வைத்து, சக்கரத்தடியில் எலுமிச்சம்பழம் வைத்தாயிற்று. பூஜையில் வைத்ததை அன்றைக்கு யாரும் தொடக் கூடாது. படிக்கக் கூடாது, எழுதக் கூடாது. மறுநாள் விஜயதசமி காலையில் மறுபூஜை செய்துதான் எடுக்க வேண்டும். வீட்டுப்பாடத்திலிருந்து தப்பித்த குஷி எனக்கு.

சாயங்காலம் ஐந்தரைக்கு நோரா ஆன்ட்டி செருப்பில்லாமல் ஓடிவந்தார். அந்த அம்மையார் நாளைக்குப் போவதாக இருந்த ஐரோப்பியப் பயணத்தை இன்றைக்கே மாற்றிவிட்டாராம். நூவர்க் விமான நிலையத்தில் எட்டு மணி விமானம். கையில் கொண்டுவந்து கொடுத்தால் விமானத்திலேயே படித்து முடிவு சொல்வாராம். இதற்குமேல் தவணை தரப் பதிப்பக முதலாளி ஒப்பவில்லையாம். அழுதபடி அவர் சொன்னதை நான் அப்படியே அம்மாவிடம் சொன்னேன்.

அம்மா முகம் வெளுத்துவிட்டது. "எடுக்கப்படாதுங்க நோரா. வெச்சதைப் பாதியில எடுத்தா அது வெளங்காதுங்க. அது நல்லாருக்கணும்னுதானே வெச்சேன்!" என்றாள். பிடிவாதமில்லை அது, பயம். அந்த நாவல் தோற்றால் தன்னால்தான் தோற்கும் என்று நடுங்கினாள். நோரா ஆன்ட்டி ஒரு கையை நீட்டி எடுத்துக்கொண்டு ஓடியிருக்கலாம், யார் தடுத்திருப்பார்கள்? பூஜை அலமாரிக்கு முன்னால் போய் நின்றவர் பூவையும் பொட்டையும் பார்த்துக்கொண்டே நின்றார். "என் புத்தகத்தை யாரும் சாமிக்குப் பக்கத்தில் வைத்ததில்லை" என்றார். அதை மொழிபெயர்க்க எனக்கு வாய் வரவில்லை. இரண்டு பேரும் அழுதுகொண்டே நின்றார்கள், கடிகாரம் பாட்டுக்கு ஓடியது. அப்பாவைக் கூப்பிடலாமென்றால் அவர் ரயிலில் இருந்தார், அப்போது கைப்பேசி ஏது?

ஏழு மணிக்கு அப்பா வந்தார். விஷயத்தைக் கேட்டதும் கோட்டைக்கூடக் கழற்றாமல் கத்தினார்: "அடக் கடவுளே! அம்மிணி, நம்மூர்ல இப்ப மணி நாலரை. பிரம்ம முகூர்த்தம். விஜயதசமி பொறந்தாச்சு. எடு!" அம்மா ஒரு கணம் விழித்தாள். பிறகு கற்பூரத்தைக் கொளுத்தி, ஒரு சுற்றுச் சுற்றி, கட்டைத் தூக்கி நோரா ஆன்ட்டி கையில் வைத்தாள். எலுமிச்சம்பழத்தை நசுக்கிக்கொண்டு கார் கிளம்பியது.

டர்ன்பைக் நெடுஞ்சாலையில் ஏதோ விபத்து, வண்டிகள் ஊர்ந்தன. அப்பா வாயில் வராத வார்த்தையெல்லாம் வந்தது. வழியனுப்புகிறவர்கள் விமான வாசல் வரைக்கும் போகலாம் என்றிருந்த காலம் அது, நாங்கள் நால்வரும் மூச்சுவாங்க ஓடினோம். கதவைச் சாத்தியிருந்தார்கள். கண்ணாடிக்கு அந்தப்பக்கம் விமானம் மெதுவாகப் பின்வாங்கிக்கொண்டிருந்தது. நோரா ஆன்ட்டி கட்டைக் கண்ணாடியில் வைத்து அழுத்தியபடி, யாருக்கோ காட்டுவதுபோல் நின்றார். "என்னை மன்னிக்கச் சொல்லு கண்ணு, சொல்லு" என்று அம்மா என் தோளைப் பிடித்து உலுக்கினாள். நான் சொன்னேன். நோரா ஆன்ட்டி அம்மாவைக் கட்டிக்கொண்டார்.

மறுநாளே தபாலில் அனுப்பினார். ஒரு மாதத்தில் கட்டு பிரிக்கப்படாமலே திரும்பி வந்தது. கிறிஸ்துமஸுக்கு முன்னால் அவர் ஊருக்குப் போய்விட்டார். கார்பன் பிரதியையும் அவரிடமே கொடுத்தனுப்பினாள் அம்மா. சில வருஷம் வாழ்த்து அட்டைகள் வந்தன, பிறகு அதுவும் நின்றது.

எடிசன் வீட்டை இடித்துக் கடை கட்டிவிட்டார்கள். விமான வாசல் வரைக்கும் யாரையும் விடுவதில்லை. அப்பா இல்லை. அம்மா இப்போது டெக்சாஸில் என்னோடு இருக்கிறாள். எங்கள் வீட்டு சரஸ்வதி பூஜையில் பொரி உண்டு, பூ உண்டு, அந்த வருஷத்துக்குப் பிறகு புத்தகம் மட்டும் வைப்பதில்லை. போன மாதம் ஓர் அயர்லாந்துப் பத்திரிகையின் இணையப் பக்கத்தில் நோரா ஆன்ட்டியின் மரணச் செய்தியைப் பார்த்தேன். மறைப்பதா சொல்வதா என்று தவித்து, கடைசியில் அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். இரண்டே நாவல்கள் எழுதியவர் என்று அதில் போட்டிருந்தது.

"மூணு" என்றாள் அம்மா.

"இதுல ரெண்டுன்னுதான் இருக்கும்மா."

"மூணு. அதைப் படிச்சது லோகத்துலயே ரெண்டு பேருதான், அவங்களும் நானும். இப்ப நான் மட்டுந்தான்" என்றாள்.