கைமுறிச்சான்

பிள்ளைகள், போன சனிக்கிழமை கைகோத்து நிற்கும் இரண்டு வெண்கல மனிதர்களைப் பார்க்கப் போனோமே. மூன்று மாடி உயரம். சனங்கள் ஒருவரோடு ஒருவர் சேர்ந்திருக்க வேண்டுமென்று ஒரு சிற்பி செய்ததாம். பக்கத்தில் கல் பதிக்கக் குவித்திருந்த மணல் மழையில் நனைந்து மணந்தது.

"அப்பா, அவ்வளவு பெரிய கை எப்பிடி விழாமல் நிக்குது?" என்று சின்னவள் கேட்டாள்.

"உள்ளுக்குக் கம்பி இருக்கும்."

"ஆரும் அதை உருவினால்?" என்று மூத்தவன் சிரித்தான். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

ஊரில் எனக்கு ஒன்பது வயதில் ஒன்று நடந்தது. வீட்டுக்குப் பின்னால் கடல். அண்ணை, உங்கள் பெரியப்பா, ஈர மணலில் மனிதர்கள் செய்வார். தென்னோலை ஈர்க்கு ஒன்றை உள்ளே வைத்து அவர்களின் கைகளைக் கோத்துவிடுவார். மணல் குழைத்துக் கொடுப்பது நான்தான். விடுமுறைக்கு மச்சான் குமரன் கொழும்பிலிருந்து வந்தான்.

"நீ தள்ளடா. இவன் குழைச்சால்தான் பதம்," என்றார் அண்ணை என்னிடம், குமரனைக் காட்டி.

எனக்கு வயிறு எரிந்தது. அவர்கள் தண்ணீர் அள்ளப் போன நேரம் ஈர்க்கை மெல்ல உருவிவிட்டேன். திரும்பி வந்த குமரன் தொட்டதும் மணல் மனிதனின் கை பொத்தென்று விழுந்தது.

"கைமுறிச்சான், போடா அங்காலை," என்று அண்ணை அவனைக் கலைத்தார்.

குமரன் அழுதுகொண்டு போனான். அவன் இருந்த இடத்தில் நான் போய் இருந்தேன்.

இப்போது லண்டன் செவன் கிங்ஸில் இருக்கிற குமரன் மாமாவைப் பெரியப்பா இன்றும் அப்படித்தான் கூப்பிடுகிறார். நீங்களும் பழகிவிட்டீர்கள். மாமாவும் தன் கைதான் பிழை என்று நம்பிச் சிரிக்கிறார்.

இனி அப்படிக் கூப்பிடாதேங்கோ. அந்தப் பெயர் என்னுடையது.