குதிரையோடு போன தகப்பன்

இதை எழுதப் பல வருடங்களாகக் கை கூசியது. ஆண்டவரிடம் பாவசங்கீர்த்தனம் செய்தும் மனம் ஆறவில்லை.

எண்பதுகளில் பாரிஸ் நகரின் லா சப்பலில் ஒரு சிறிய படக்கொட்டகையைக் கூட்டித் துடைக்கும் வேலை எனக்கு. ஞாயிறுகளில் பழைய ஊமைப் படங்கள் போடுவார்கள். முதல் உலகப் போரில் படைவீரர்கள் குதிரைகளை ஆற்றுக்குக் கூட்டிப்போகும் படம் வந்தால், முன்வரிசையில் ஒரு பாண்டிச்சேரிப் பெரியவர் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொள்வார்.

ஒருநாள் படம் தொடங்குமுன் காரணம் கேட்டேன்.

"எங்கப்பா முதல் சண்டைக்கு இங்க வந்தாரு தம்பி. குதிரை பாத்துக்கிற வேலை. நான் அப்ப அம்மா வயித்துல. அவரு திரும்பல. இந்தப் படத்துல எங்கயாவது இருப்பாரான்னு தேடுறேன்."

"ஃபோட்டோ இருக்கோ ஐயா? இல்லாட்டி இவ்வளவு பேருக்குள்ளை அவரை என்னெண்டு மட்டுக்கட்டுவியள்?"

"இல்ல. எனக்கு அவரு நடைதான்னு அம்மா சொல்லும். என் நடைய நான் எங்க பாத்தேன்? நீ பாத்துச் சொல்லு."

எழுபது வயதில், இருக்கைகளுக்கு நடுவே எனக்கு நடந்து காட்டினார், இடக்காலைச் சற்று இழுத்து. படம் ஓடியது. அப்படி ஒருவரும் நடக்கவில்லை. அவரோ என் கையை இறுகப் பிடித்திருந்தார்.

"அந்தா, கடைசிக் குதிரையோடை போறார்" என்றேன்.

"அப்பா!" என்று எழுந்து நின்றார். ஒரு நிமிடத்துக்குள் படம் முடிந்து திரை வெளுத்துவிட்டது.

"அம்மா கல்லறையில போய்ச் சொல்லணும். தாலியோடவே காத்திருந்து செத்துச்சு" என்று அழுதுகொண்டே போனார். பிறகு அவரைக் காணவில்லை.

நான் செய்தது இரக்கமா, பாவமா, இன்றும் தெரியவில்லை. இதை யாருக்காவது சொன்னால், மகன் தகப்பனைக் கண்டான் என்று மாற்றிவிடாதீர்கள். அப்படி நடந்தவர் அந்தப் படத்தில் ஒருவருமில்லை என்பதையும் சேர்த்தே சொல்லுங்கள்.